கருவாப்பட்டைக் கன்று சென்னை வெயிலில் நிற்குமா? இலை ஓரம் கருகுகிறது

கொளத்தூர்_கன்று
மே 9, காலை 6.50

எல்லாருக்கும் வணக்கம். வீட்டுக்குப் பின்னால் பத்துக்குப் பன்னிரண்டு அடி மண் தரை இருக்கிறது. கிழக்கு மூலையில் அப்பா வைத்த மாமரம். மேற்கு மூலை காலியாகக் கிடந்ததால், இரண்டு வருஷம் முன்னால் ஒரு நர்சரியில் "பிரிஞ்சி இலை மரம்" என்று சொல்லி விற்ற கன்றை வாங்கி நட்டேன். அப்போது முழங்கால் உயரம். இப்போது என் தோளைத் தொடுகிறது.

பங்குனி வரை ஒரு குறையும் இல்லை. கொழுந்து விடும்போது செக்கச்செவேல் என்று வரும், பார்க்கிறவர்கள் பூ என்றே நினைப்பார்கள். சித்திரை பிறந்ததிலிருந்து இலை நுனி காய்ந்து பழுப்பாகிறது. கத்திரி ஆரம்பித்த இந்த நாலைந்து நாளில் மேற்குப் பக்கத்து இலைகள் ஓரம் முழுக்கக் கருகிவிட்டன. காலையும் மாலையும் போர் தண்ணீர்தான் ஊற்றுகிறேன்.

இன்னொரு சந்தேகம். இலையைக் கசக்கினால் பிரிஞ்சி இலை வாசனை வரவில்லை, கிராம்பு வாசனை வருகிறது. இது என்ன மரம்? பிழைக்குமா? அம்மாவுக்கு இந்தச் செடி மேல் அவ்வளவு பிரியம், அதனால்தான் கேட்கிறேன்.

மண்வாசம்_தாம்பரம்
மே 9, காலை 8.15

தம்பி, ஒரு இலையைப் பறித்து வெளிச்சத்தில் பிடித்துப் பாருங்கள். காம்பு முடிகிற இடத்திலிருந்து எத்தனை பெரிய நரம்பு கிளம்புகிறது? கிளையில் இலைகள் எதிரெதிராக ஜோடியாக இருக்கின்றனவா, ஒன்றுவிட்டு ஒன்றாகவா? இலையின் அகலம் எவ்வளவு? கசக்கிய வாசனை கிராம்புதான் என்று உறுதியாகச் சொல்கிறீர்களா?

கொளத்தூர்_கன்று
மே 9, காலை 8.40

மூன்று நரம்பு ஐயா. நடுவில் ஒன்று, பக்கத்துக்கு ஒன்று, மூன்றும் அடியிலிருந்தே கிளம்பி நுனிப் பக்கம் வரை ஓடுகின்றன. இலைகள் பெரும்பாலும் எதிரெதிர். என் உள்ளங்கையில் பாதி அகலம் இருக்கும், நல்ல தடிமன், மேல்புறம் எண்ணெய் பூசியது போல் பளபளப்பு. வாசனை கிராம்புதான், சந்தேகமே இல்லை. அம்மா கண்ணை மூடிக்கொண்டு முகர்ந்து பார்த்து "லவங்கம்" என்றார்கள்.

மண்வாசம்_தாம்பரம்
மே 9, காலை 9.30

அப்படியென்றால் உங்களிடம் இருப்பது பிரிஞ்சி இல்லை. அசல் கருவாப்பட்டை மரம், சின்னமோமம் வேரம். பழைய புத்தகங்களில் சின்னமோமம் ஜெய்லானிக்கம் என்று இருக்கும், இரண்டும் ஒரே மரம்தான். பிரிஞ்சி இலை தருவது சின்னமோமம் தமாலா, இமயமலை அடிவாரத்து மரம். அதற்கும் மூன்று நரம்பு உண்டு, ஆனால் இலை இன்னும் நீளம், ஒடுக்கம். இரண்டும் லாரேசியே குடும்பம். கற்பூர மரம், நம் ஜூஸ் கடை பட்டர் ஃப்ரூட் எல்லாம் அதே குடும்பம்தான்.

கிராம்பு வாசனைக்குக் காரணம் யூஜினால். கிராம்பில் இருக்கிற அதே பொருள்தான் இந்த மரத்தின் இலை எண்ணெயில் பெரும்பங்கு. பட்டையில் வாசனை வேறு, அங்கே சின்னமால்டிஹைடு. வேர்ப்பட்டையை வடித்தால் கற்பூரம் வருகிறது. ஒரே மரம் இலையில் கிராம்பாகவும், தண்டில் பட்டையாகவும், வேரில் கற்பூரமாகவும் மணக்கிறது. முப்பது வருஷம் தோட்டக்கலை வேலை பார்த்தவன் நான். இந்த ஒரு விஷயம் எனக்கு இன்றைக்கும் ஆச்சரியம்தான்.

கருகலைப் பற்றி மாலையில் எழுதுகிறேன். அதற்குள் பதறிப்போய் உரம் எதுவும் போட்டுவிட வேண்டாம். யூரியா பக்கமே போகாதீர்கள்.

புங்கைநிழல்
மே 9, காலை 11.05

யாரையும் புண்படுத்தச் சொல்லவில்லை, ஆனால் சொல்லியாக வேண்டும். இது மழைக்காட்டு மரம். இலங்கையின் ஈரக்காட்டிலும் மேற்குத் தொடர்ச்சி மலையிலும் வளர வேண்டியதைக் கொண்டுவந்து கொளத்தூர் போர் தண்ணீரில் நிறுத்தினால் அது கருகத்தானே செய்யும்? சென்னை மண்ணுக்குப் புங்கம் இருக்கிறது, நாவல் இருக்கிறது, மகிழம் இருக்கிறது, பூவரசு இருக்கிறது. வர்தா புயல் வந்துபோன மறுநாள், 2016 டிசம்பர் 13 காலை, எங்கள் தெருவில் விழுந்து கிடந்தவை முக்கால்வாசி வெளியிலிருந்து வந்த மரங்கள். நர்சரிக்காரர்கள் விற்கிறார்கள் என்று எதையும் வாங்கி நடுவதை நாம்தான் நிறுத்த வேண்டும்.

வால்பாறை_நினைவு
மே 9, மதியம் 1.20

புங்கைநிழல் சொல்வதில் தெருவோர மரத்தைப் பொறுத்தவரை எனக்கு முழுச் சம்மதம். வீட்டுப் பின்கட்டில் ஒரு மரம் என்பது வேறு கணக்கு.

நான் பதினொரு வருஷம் வால்பாறையில் ஒரு எஸ்டேட்டில் வேலை பார்த்தேன், இப்போது குரோம்பேட்டையில் இருக்கிறேன். தேயிலைக்கு நடுவே தீவு தீவாகக் காடு மிஞ்சியிருக்கும். ஞாயிற்றுக்கிழமைகளில் அங்கே போவேன். காலை பத்து மணிக்குக்கூட உள்ளே விடியாதது போல் இருக்கும். நூறு அடிக்கு மேலே ஒரு கூரை, அதற்குக் கீழே இன்னொரு கூரை, அதற்கும் கீழேதான் காட்டுக் கருவா நிற்கும். அதன் கொழுந்தை அங்கே பார்க்க வேண்டும். அந்த இருட்டில் எங்கோ ஒரு ஓட்டை வழியாக வெயில் இறங்கி, சிவப்புக் கொழுந்தின் மேல் விழுந்தால் விளக்கு ஏற்றி வைத்தது போல் இருக்கும். காலடியில் கணுக்கால் புதையும் அளவுக்குச் சருகு. சருகுக்குள் கையை விட்டால் மே மாசத்திலும் ஈரம்.

இந்த மரத்துக்குப் பழக்கமான வீடு அது. மேலே வேறு மரத்தின் நிழல், கீழே சருகுப் போர்வை. உங்கள் கன்று மேற்கு மூலையில், மதியம் இரண்டு மணி வெயிலை நேராக வாங்கிக்கொண்டு, சிமென்ட் சுவரின் அனலையும் சேர்த்து வாங்குகிறது. சென்னை ஆகாது என்று முடிவு கட்டும் முன்னால், அந்த மூலை ஆகாது என்று எடுத்துக்கொண்டு பாருங்கள்.

நீர்கொழும்பு_மகள்
மே 9, மாலை 4.00

இந்த இழையைப் பார்த்ததும் அம்மம்மா வீட்டு ஞாபகம் வந்துவிட்டது. நாங்கள் 90களில் இலங்கையிலிருந்து இங்கே வந்து வளசரவாக்கத்தில் குடியேறினவர்கள். நாங்கள் இதைக் கறுவா என்று சொல்வோம், வல்லின றகரம். கொழும்பு ஏழாம் வட்டாரத்துக்குக் கறுவாத்தோட்டம் என்றே பெயர். இன்றைக்குப் பெரிய பெரிய பங்களாக்கள் இருக்கிற அந்த இடம் ஒல்லாந்தர் காலத்தில் உண்மையாகவே கறுவாத் தோட்டம். அதற்கு முந்தி காட்டுக்குள் போய் வெட்டிக்கொண்டு வருவதுதான் வழக்கம். போர்த்துக்கேயர் 1505இல் வந்ததிலிருந்து 1796இல் ஆங்கிலேயர் பிடித்தது வரைக்கும், அந்தக் கரையில் நடந்த சண்டைகளில் பாதிக்கு மேல் இந்தப் பட்டைக்காகத்தான்.

நான் சொல்ல வந்தது வேறு. மழைக்காட்டு மரம், கடற்கரை ஊரில் வராது என்று சொல்லாதீர்கள். நல்ல மெல்லிய கறுவா விளைகிறது என்று பேர் போன இடமே நீர்கொழும்பு. கடலிலிருந்து நடக்கிற தூரம், கால் வைத்தால் புதைகிற வெள்ளை மணல். மணலும் கடற்காற்றும் இதற்குப் பகை இல்லை. அங்கே வருஷத்தில் இரண்டு முறை மழை பெய்யும். இங்கே மாசியிலிருந்து ஆனி வரைக்கும் மழை மிகக் குறைவு. வித்தியாசம் அங்கேதான் இருக்கிறது.

மண்வாசம்_தாம்பரம்
மே 9, மாலை 7.45

நீர்கொழும்பு அம்மா சொன்னது மிகச் சரி. நான் எழுத நினைத்ததில் பாதி அதுதான்.

சென்னையில் வருஷத்துக்குச் சுமார் 1,400 மில்லிமீட்டர் மழை பெய்கிறது. கருவாவுக்கு அந்த அளவு தாராளமாகப் போதும். ஆனால் பாதிக்கு மேல் அக்டோபரிலிருந்து டிசம்பருக்குள் கொட்டித் தீர்ந்துவிடுகிறது. அப்போது வேர் மூழ்குகிறது, சித்திரை வைகாசியில் வேர் காய்கிறது. இரண்டுமே இதற்கு ஆகாது.

கருகலுக்கு வருவோம். நுனியில் ஆரம்பித்து ஓரம் வழியாக உள்ளே வந்தால் பெரும்பாலும் உப்பு. போர் தண்ணீர் ஊற்றிய பாத்திரத்தில் வெள்ளைப் படிவு விழுகிறதா? விழுந்தால் அதே உப்பு வேரடியிலும் சேர்ந்துகொண்டிருக்கிறது. நீங்கள் தினம் இருவேளை கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றுவதால் தண்ணீர் ஆவியாகிப் போகிறது, உப்பு மட்டும் தங்குகிறது. மேற்குப் பக்கம் மட்டும் அதிகமாகக் கருகுவதற்கு வெயில் காரணம். உங்களுக்கு இரண்டும் சேர்ந்து நடக்கிறது.

செய்ய வேண்டியது. இருவேளையை நிறுத்திவிட்டு, மூன்று நாளைக்கு ஒருமுறை சாயங்காலம், வேர் ஆழத்துக்கு இறங்கும்படி ஊற்றுங்கள். மெட்ரோ தண்ணீர் வந்தால் அதைக் கொடுங்கள். ஏசி வடிகிற தண்ணீர் உப்பில்லாதது, அதையும் பிடித்து ஊற்றலாம். மாமரத்துச் சருகைக் கூட்டி எரிக்காமல், தண்டை விட்டு ஒரு சாண் தள்ளி, அரை அடி கனத்துக்குப் பரப்புங்கள். மேற்கே பாதி வெயில் மறைக்கிற பச்சை வலை ஒன்று கட்டுங்கள். இப்போதைக்கு இவ்வளவுதான்.

கொளத்தூர்_கன்று
மே 9, இரவு 9.10

ஐயா, அக்கா, அண்ணா எல்லாருக்கும் நன்றி. வாளியின் அடியில் வெள்ளைப் படிவு நிறையவே இருக்கிறது, தேய்த்தாலும் போவதில்லை. நாளைக்கே வலை கட்டிவிடுகிறேன். மேற்கு மூலை ஆகாது என்றால் பேசாமல் தோண்டி எடுத்து மாமரத்தடிக்கு மாற்றிவிடட்டுமா?

மண்வாசம்_தாம்பரம்
மே 9, இரவு 9.25

வேண்டவே வேண்டாம். தோள் உயரம் வந்த கன்றுக்கு ஆணிவேர் இறங்கியிருக்கும், அதை அறுத்தால் கத்திரியில் ஒரு வாரம்கூடத் தாங்காது. மரத்தை நகர்த்தாதீர்கள், நிழலை அங்கே கொண்டுபோங்கள். ஆடியில் முதல் மழை விழுந்ததும் மேற்குச் சுவர் ஓரம் மூன்று அகத்தி விதை ஊன்றுங்கள். ஒரே வருஷத்தில் வீட்டு உயரம் போகும், மெல்லிய சல்லடை நிழல் தரும், கீரையும் ஆகும். வாழையும் வைக்கலாம், ஆனால் வாழை தண்ணீரைப் பங்கு போட்டுக்கொள்ளும்.

மயிலை_நாட்டுமருந்து
மே 10, காலை 10.30

மயிலாப்பூரில் மூன்று தலைமுறையாக நாட்டு மருந்துக் கடை வைத்திருக்கிறோம். பெயர்க் குழப்பத்தைப் பற்றிக் கொஞ்சம் சொல்கிறேன், தினமும் கல்லாவில் உட்கார்ந்து இதோடுதான் போராடுகிறேன்.

சென்னையில் லவங்கம் என்றால் கிராம்பு. சித்த மருந்துச் சீட்டில் இலவங்கப்பட்டை என்று எழுதினால் அது பட்டை. இலவங்கப்பத்திரி என்றால் இலை. சீட்டைக் கொண்டுவருகிற பிள்ளை "லவங்கம் நூறு கிராம்" என்று கேட்டால் நான் சீட்டை வாங்கிப் பார்த்துவிட்டுத்தான் எடுப்பேன். பிரிஞ்சி என்றாலோ நம் ஊரில் பாதிப் பேருக்குத் தேங்காய்ப்பால் ஊற்றி வடிக்கிற சாதம்தான் ஞாபகம் வரும். சூப்பர் மார்க்கெட் டப்பாவில் பே லீஃப் என்று போட்டிருப்பது சில சமயம் மத்தியதரைக் கடல் நாட்டு இலை. அதில் நடுநரம்பு ஒன்றுதான். மூன்று நரம்பு ஓடினால் நம் பிரிஞ்சி. பாக்கெட்டைப் பிரிக்காமலே பார்த்துச் சொல்லிவிடலாம்.

அடுத்தது பட்டை. மளிகைக் கடையில் தடியாக, கருஞ்சிவப்பாக, சுத்தியலால் தட்டினால்தான் உடைகிற மாதிரி இருப்பது காசியா. சீனா, வியட்நாம், இந்தோனேசியாவிலிருந்து வருகிற வேறு மரங்களின் பட்டை. ஒரே தடித்த தோல், இரண்டு ஓரமும் உள்ளே சுருண்டிருக்கும். அசல் கருவாப்பட்டையை நாங்கள் சன்னலவங்கப்பட்டை என்போம், சன்னமான பட்டை. காகிதம் காகிதமாகப் பல அடுக்கு ஒன்றுக்குள் ஒன்று சுருண்டு சுருட்டு மாதிரி இருக்கும், விரலால் அழுத்தினாலே நொறுங்கும், நிறம் வெளிறிய பழுப்பு. விலை பல மடங்கு. உணவுப் பாதுகாப்புச் சட்டத்தின் விதிகளிலேயே இரண்டுக்கும் தனித்தனி வரையறை இருக்கிறது, ஆனால் கடைப் பலகையில் இரண்டுக்கும் "பட்டை" என்றே எழுதுகிறார்கள். பாயம்மா வீட்டு பிரியாணிக்குக் காசியாதான் பொருத்தம், அதன் காரம் அரிசியோடு வேகும்போது நிற்கும். அதைக் குறைவானது என்று நான் சொல்ல மாட்டேன். வேறு மரம், அவ்வளவுதான். ஆனால் மருந்துக்குக் கேட்பவருக்கு அதை எடுத்துக் கொடுக்கக் கூடாது.

ஓஎம்ஆர்_சமையல்
மே 10, மதியம் 12.10

அண்ணா, இதைப் படித்ததும் பயமாக இருக்கிறது. என் மாமனார் சர்க்கரைக்கு நல்லது என்று யாரோ சொன்னதைக் கேட்டு எட்டு மாசமாகத் தினமும் காலையில் வெறும் வயிற்றில் ஒரு டீஸ்பூன் நிறையப் பட்டைப் பொடியை வெந்நீரில் போட்டுக் குடிக்கிறார். மளிகைக் கடைப் பட்டையை மிக்சியில் அரைத்ததுதான். ஏதாவது ஆகுமா?

மயிலை_நாட்டுமருந்து
மே 10, மதியம் 12.50

சகோதரி, பயப்பட வேண்டாம், ஆனால் இன்றோடு அதை நிறுத்தச் சொல்லுங்கள். காசியாவில் கூமரின் என்ற பொருள் இருக்கிறது. சிலருக்கு அது கல்லீரலைப் பாதிக்கும். ஜெர்மனியின் அரசு இடர் மதிப்பீட்டு நிறுவனம் 60 கிலோ எடையுள்ளவர் தினமும் சாப்பிடுவதென்றால் காசியாப் பொடி 2 கிராமைத் தாண்டக் கூடாது என்று கணக்குச் சொல்கிறது. குவித்து எடுத்த ஒரு டீஸ்பூன் அதைத் தாண்டிவிடும். அசல் கருவாப்பட்டையில் கூமரின் மிகமிகக் குறைவு. குழம்பிலும் பிரியாணியிலும் இரண்டு துண்டு போடுவதால் ஒன்றும் ஆகாது, தினமும் பொடியாகத் தின்பதுதான் பிரச்சினை. அவரை மருத்துவரிடம் அழைத்துப் போங்கள், எட்டு மாசமாக எடுத்ததை மறைக்காமல் சொல்லுங்கள். சர்க்கரை மாத்திரையோடு வேறு மாத்திரைகளும் போடுகிறார் என்றால் அதையும் சொல்லுங்கள். சன்னப் பட்டைக்கு மாறிக்கொள்ளலாம் என்று வியாபாரத்துக்காகச் சொல்ல மாட்டேன். முதலில் மருத்துவர்.

ஓஎம்ஆர்_சமையல்
மே 10, மதியம் 1.05

மிக்க நன்றி அண்ணா. இன்று மாலையே போகிறோம்.

புங்கைநிழல்
மே 10, மாலை 6.30

நேற்று நான் எழுதியது கொஞ்சம் கடுமையாகப் போய்விட்டது. கொளத்தூர் நண்பரே, உங்கள் அம்மாவின் செடி, நன்றாக வளரட்டும். ஆனால் என் கவலை வேறு விதத்தில் இன்னும் இருக்கிறது. மலையில் இருக்கிற காட்டுக் கருவாவின் கதி என்ன? பட்டை விலை ஏறினால் யாராவது காட்டுக்குள் கத்தியோடு போவார்களே?

வால்பாறை_நினைவு
மே 10, இரவு 8.40

அது நியாயமான கவலை. மேற்குத் தொடர்ச்சி மலையில் சின்னமோமம் இனங்கள் பத்துக்குக் குறையாமல் இருக்கின்றன, அவற்றில் சில வேறெங்கும் கிடையாது. காட்டில் பட்டை எடுக்கிறவர்கள் பதமாக எடுப்பதில்லை. நிற்கிற மரத்தில் சுற்றுவட்டமாக உரித்துவிட்டுப் போய்விடுவார்கள். சுற்றி உரித்தால் இலை தயாரிக்கிற உணவு வேருக்கு இறங்க வழியில்லை. மரம் உடனே சாகாது, மெல்ல மெல்லப் பட்டுப்போகும். அப்படி நின்ற ஒரு மரத்தை நான் தொட்டுப் பார்த்திருக்கிறேன். இடுப்பளவுக்கு மேலும் கீழும் சாம்பல் நிறத் தோல், நடுவில் இரண்டடிக்கு எலும்பு மாதிரி வெளுத்த கட்டை. உச்சியில் அப்போதும் கொஞ்சம் இலை இருந்தது.

இதே குடும்பத்து வேறு மரங்களுக்கும் இதே கதிதான். ஊதுபத்தி மாவு குச்சியில் ஒட்டி நிற்கச் சேர்க்கிற ஜிகட் பொடி இருக்கிறதே, அது மைதா லக்டி, கொல்லமாவு போன்ற மரங்களின் பட்டையை அரைத்தது. மைதா லக்டியும் கொல்லமாவும் லாரேசியேதான். நம் வீட்டுப் பூஜை அறை வரை இந்தக் குடும்பம் வந்திருக்கிறது, நமக்குத்தான் தெரிவதில்லை.

பறவைகளையும் சொல்ல வேண்டும். இந்தக் குடும்பத்துப் பழங்களில் சதையில் கொழுப்பு அதிகம், பட்டர் ஃப்ரூட்டை நினைத்துக்கொள்ளுங்கள். பெரிய இருவாச்சி இவற்றைத் தேடி மரம் மரமாகப் போகும், முழுசாக விழுங்கிவிட்டுக் கொட்டையை வேறெங்கோ கக்கும். காடு துண்டு துண்டான இடங்களில் ஒரு துண்டிலிருந்து இன்னொரு துண்டுக்கு விதை போவது இப்படித்தான். வால்பாறையில் நேச்சர் கன்சர்வேஷன் ஃபவுண்டேஷன்காரர்கள் 2000களின் தொடக்கத்திலிருந்து நாற்றங்கால் வைத்து, அழிந்த காட்டுத் துண்டுகளில் அந்தந்த இடத்து மரங்களையே நட்டு வருகிறார்கள். எஸ்டேட் ரோட்டில் விழுந்து கிடக்கிற விதைகளைப் பொறுக்கி முளைக்க வைப்பார்கள், தார் ரோட்டில் கிடந்தால் எப்படியும் முளைக்காது. லாரேசியே விதைகளை உடனே விதைக்க வேண்டும். உலர்த்தி டப்பாவில் போட்டு அடுத்த வருஷம் பார்க்கலாம் என்றால் உயிர் இருக்காது.

அதனால்தான் சொல்கிறேன், வீட்டில் ஒரு கருவா மரம் வளர்ப்பது காட்டுக்கு எதிரி இல்லை. நட்டு வளர்த்த மரத்திலிருந்து வருகிற பட்டைதான் காட்டு மரத்தைக் காப்பாற்றும்.

கொளத்தூர்_கன்று
மே 11, காலை 7.00

அண்ணா, இதைப் படித்ததும் கேட்கத் தயக்கமாக இருக்கிறது. எங்கள் மரத்திலிருந்து என்றைக்காவது பட்டை எடுக்க முடியுமா, மரத்தைக் கொல்லாமல்?

நீர்கொழும்பு_மகள்
மே 11, காலை 9.20

தயங்கவே வேண்டாம். கறுவாவை வளர்ப்பதே வெட்டுவதற்குத்தான். வெட்ட வெட்டத்தான் அது துளிர்க்கும். தோட்டத்தில் யாரும் அதை மரமாக விடுவதில்லை, விட்டால் முப்பது நாற்பது அடி போகும். இரண்டு மூன்று வயசில் தரையிலிருந்து ஒரு சாண் விட்டு வெட்டி, அடிக்கட்டைக்கு மண் அணைத்துவிடுவார்கள். கட்டையைச் சுற்றி நாலைந்து கம்பு நேராகக் கிளம்பும். அவை பெருவிரல் தடிமன் வந்ததும் வெட்டுவார்கள். கட்டை சாகாது, மறுபடி கம்பு விடும்.

எப்போது வெட்டுவது என்பதற்கு அம்மம்மா ஒரு கணக்குச் சொல்வார். மழைக்குப் பிறகு சிவப்புக் கொழுந்து வரும் இல்லையா, அது பச்சைக்குத் திரும்புகிற நேரம்தான் பதம். அப்போது தோலுக்கும் கட்டைக்கும் நடுவில் சாறு ஓடும், பட்டை தானாகக் கழன்று வரும். கொழுந்து சிவப்பாக இருக்கும்போது வெட்டினால் பட்டை கட்டையைப் பிடித்துக்கொள்ளும். ஒரு கம்பில் கத்தி முனையால் லேசாகக் கீறிப் பார்ப்பார், தோல் விட்டுக்கொடுத்தால் "சரி, இன்றைக்கே வெட்டு" என்பார். விட்டுக்கொடுக்காவிட்டால் பத்து நாள் கழித்து.

உரிக்கிறதைச் சின்னப் பிள்ளையாகப் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்திருக்கிறேன். முதலில் மேலே இருக்கிற பழுப்புத் தோலை வளைந்த கத்தியால் சுரண்டி எடுத்துவிடுவார்கள். கம்பு வழுவழுவென்று வெளுத்துப்போகும். அப்புறம் பித்தளை உருளையால் மேலிருந்து கீழே அழுத்தித் தேய்ப்பார்கள், அந்தச் சத்தம் எனக்கு இன்னும் காதில் இருக்கிறது. பிறகு நீளவாக்கில் எதிரெதிராக இரண்டு கீறல். கத்தியை நுழைத்து நெம்பினால் பட்டை வாய்க்கால் மாதிரி இரண்டு பாதியாக, ஈரமாக, கையோடு வரும். காற்றுப் பட்டதும் ஓரம் உள்பக்கம் சுருளத் தொடங்கும். ஒன்றுக்குள் ஒன்றாகச் செருகி, உள்ளே சில்லறைத் துண்டுகளை நிரப்பி, கூரைக்குக் கீழே கயிறு கட்டி நிழலில் காயப் போடுவார்கள். வெயிலில் போட்டால் பட்டை வளைந்து போகும். அன்றிரவு சாப்பிடும்போது சோற்றில் கைபட்டாலே கறுவா மணக்கும்.

உங்கள் ஒரு மரத்தில் வருஷத்துக்கு ஒரு கைப்பிடிதான் கிடைக்கும். ஆனால் அம்மாவின் கையால் உரித்த கைப்பிடி.

மண்வாசம்_தாம்பரம்
மே 11, காலை 10.45

இவ்வளவு தெளிவாக எந்தத் துறைப் பிரசுரத்திலும் நான் படித்ததில்லை அம்மா. ஒன்று மட்டும் சேர்க்கிறேன். இலங்கையில் இரண்டு மழைக்காலம் என்பதால் வெட்ட இரண்டு பருவம். சென்னையில் ஐப்பசி கார்த்திகை மழை முடிந்து மார்கழியில் கொழுந்து பச்சைக்குத் திரும்புவதைப் பார்த்து ஒரே ஒரு தடவை வெட்டுங்கள். இந்த வருஷம் வேண்டாம், கருகலிலிருந்து மரம் தேறட்டும்.

பின்னால் இன்னொரு கன்று வைக்க நினைப்பவர்களுக்கு: நம் வேளாண் பல்கலைக்கழகத்தின் ஏற்காடு, பேச்சிப்பாறை நிலையங்கள் கருவாவில் ரகம் வெளியிட்டிருக்கின்றன. ஏற்காடு 1, பேச்சிப்பாறை 1. கோழிக்கோட்டு நறுமணப் பயிர் ஆராய்ச்சி நிலையம் நவஸ்ரீ, நித்யஸ்ரீ என்று இரண்டு கொடுத்திருக்கிறது. பெயர் தெரியாத கன்றை வாங்குவதைவிட இவற்றில் ஒன்றைத் தேடிப் பிடிப்பது நல்லது.

மழைக்காலத்துக்கும் தயாராகுங்கள். 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் வந்தபோது எங்கள் தெருவில் நாலு நாள் தண்ணீர் நின்றது. தொட்டியில் மேடாக வைத்திருந்த என் ஜாதிக்காய்க் கன்று பிழைத்தது, தரையில் இருந்த கருவா வேர் அழுகிப் போய்விட்டது. பிடுங்கியபோது வேர்த்தோல் கையோடு உரிந்து வந்தது. அதனால் ஆவணிக்குள் தண்டைச் சுற்றி மண்ணைச் சரிவாக உயர்த்தி, தண்ணீர் வெளியேற ஒரு வாய்க்கால் வெட்டிவிடுங்கள்.

கொளத்தூர்_கன்று
செப்டம்பர் 21, காலை 8.10

நாலு மாசம் கழித்து வருகிறேன், மன்னிக்கவும். நல்ல செய்திதான். வலை கட்டி, சருகு போட்டு, ஏசி தண்ணீர் ஊற்றியதில் ஜூன் கடைசியில் கருகல் நின்றது. ஆடி மழைக்கு மூன்று அகத்தி ஊன்றினேன், மூன்றும் இடுப்புக்கு மேல் வந்துவிட்டன. கருவாவில் போன வாரம் கொத்துக் கொத்தாகச் சிவப்புக் கொழுந்து. சருகை விலக்கிப் பார்த்தேன், வால்பாறை அண்ணா சொன்ன மாதிரியே உள்ளே ஈரமும் மண்புழுவும்.

ஒரு சின்னப் பிரச்சினை. கொழுந்தை ஏதோ புழு தின்றிருக்கிறது. கறுப்புப் புழு, முதுகில் மஞ்சள் பட்டை, வரிசையாகச் சிவப்புப் புள்ளிகள். நாலைந்து இருந்தன, இப்போது காணவில்லை. வேப்பெண்ணெய் தெளிக்கலாமா? கூடவே, கிளையில் ஒன்றிரண்டு காய்ந்த குச்சிகள் ஒடிந்த மாதிரி நிற்கின்றன, நாளைக்கு அவற்றையும் கவாத்து செய்துவிடலாம் என்றிருக்கிறேன்.

வேளச்சேரி_சிறகு
செப்டம்பர் 21, காலை 8.35

தயவுசெய்து கத்திரியைக் கீழே வையுங்கள்! வேப்பெண்ணெயும் வேண்டாம்.

நான் இத்தனை நாள் இந்த இழையைப் படித்துக்கொண்டு மட்டும் இருந்தேன். நீங்கள் சொன்ன புழு காமன் மைம் என்ற வண்ணத்துப்பூச்சியுடையது. அது லாரேசியே குடும்பத்து மரங்களைத் தேடிப் பிடித்துத்தான் முட்டையிடும். வளர்ந்த பூச்சி இரண்டு வேஷத்தில் வரும். ஒன்று அப்படியே ப்ளூ டைகர் வண்ணத்துப்பூச்சி மாதிரி, இன்னொன்று காமன் க்ரோ வண்ணத்துப்பூச்சி மாதிரி. அந்த இரண்டும் பறவைகளுக்கு ஆகாத பூச்சிகள், அவற்றின் சட்டையைப் போட்டுக்கொண்டு இது தப்பிக்கிறது.

காய்ந்த குச்சி என்று சொன்னீர்களே, அதை இன்னொரு தரம் கிட்டப் போய்ப் பாருங்கள். கைபடாமல். இதன் கூட்டுப்புழு ஒடிந்த சுள்ளி மாதிரியேதான் இருக்கும். ஒரு முனை கிளையோடு ஒட்டியிருக்கும், மறுமுனை வெட்டுப்பட்டது போல் மொட்டையாக, நிறம்கூடப் பட்டை நிறம். ஒட்டியிருக்கிற இடத்துக்குக் கொஞ்சம் மேலே மெல்லிய பட்டு நூல் ஒன்று இடுப்பைச் சுற்றிக் கட்டியிருக்கும். நூல் தெரிந்தால் குச்சி இல்லை.

கொளத்தூர்_கன்று
செப்டம்பர் 21, காலை 9.20

அம்மாவையும் கூட்டிக்கொண்டு போய்ப் பார்த்தேன். இரண்டு குச்சியில் ஒன்று நிஜமாகவே குச்சி. இன்னொன்றில் நூல் இருக்கிறது.

வேளச்சேரி_சிறகு
செப்டம்பர் 21, காலை 9.25

அப்படியே விடுங்கள். சில சமயம் இரண்டு வாரத்தில் வந்துவிடும், சில சமயம் மாசக்கணக்கில் அப்படியே உறங்கும். மரம் இந்த நாலைந்து புழுவைத் தாங்கும், அடுத்த கொழுந்தில் எல்லாம் சரியாகிவிடும். வெளியே வந்தால் படம் எடுத்துப் போடுங்கள்.

கொளத்தூர்_கன்று
அக்டோபர் 4, காலை 7.30

இன்று காலை கூடு காலியாக இருந்தது, முனை திறந்து கிடந்தது. நான் எழுவதற்குள் போய்விட்டது. அம்மா பார்த்திருக்கிறார்கள். கறுப்பில் வெளிர்நீலக் கோடு போட்ட பூச்சி ஒன்று அகத்தி மேல் கொஞ்ச நேரம் இறக்கையை விரித்துக் காய்ந்துவிட்டு, சுவரைத் தாண்டிப் பக்கத்து வீட்டு மாடிப் பக்கம் போனதாம். வாய்க்கால் வெட்டியாயிற்று ஐயா. மழைக்குப் பிறகு கொழுந்து எப்போது பச்சையாகிறது என்று பார்த்து எழுதுகிறேன்.